பசுவின் வயிற்றில் கோடானுகோடி வேலையாட்கள்!

ஆசையாகப் போடும் சோறே எமன் ஆவது எப்படி?

பசு புல் தின்கிறது. பால் தருகிறது. பள்ளிக்கூடத்தில் சேர்ந்த முதல் வருஷமே படிக்கிற பாடம் இது. ஆனால், "பசுவால் புல்லைச் செரிக்க முடியாது" என்று யாராவது சொன்னால் நம்பத் தோன்றுமா?

உண்மை அதுதான். பசு மட்டும் அல்ல. ஆடு, எருமை, மான், குதிரை, முயல், யானை ஆகிய எதற்குமே புல்லின் நாரைத் தானாகச் செரிக்கும் சக்தி கிடையாது.

புல், வைக்கோல், இலை, தழை எல்லாவற்றிலும் பெரும் பங்கு 'செல்லுலோஸ்' என்ற நார்ப்பொருள். அரிசியில் இருக்கும் மாவுச்சத்தும் இந்த நாரும் ஏறக்குறைய ஒரே சரக்குதான். ஒரே சர்க்கரையைக் கண்ணி கண்ணியாகக் கோத்த சங்கிலிகள். கோத்திருக்கும் விதம் மட்டும் வேறு. அரிசிச் சங்கிலியை அறுக்கும் கத்தரிக்கோல் மனிதன் வயிற்றிலும் உண்டு; மாட்டின் வயிற்றிலும் உண்டு. நார்ச் சங்கிலியை அறுக்கும் கத்தரிக்கோல் எந்தப் பாலூட்டியின் உடம்பிலும் சுரப்பதில்லை.

பின் எப்படி வைக்கோல் பாலாகிறது? பசு வேலைக்கு ஆள் வைத்திருக்கிறது! கண்ணுக்குத் தெரியாத அந்த வேலையாட்கள் அதன் வயிற்றுக்குள்ளேயே குடியிருக்கிறார்கள். பசுவின் முதல் வயிற்றில் இருந்து ஒரே ஒரு மில்லி லிட்டர் நீரை எடுத்தால் அதில் ஆயிரம் கோடி பாக்டீரியாக்கள் வரை இருக்கும். உலக ஜனத்தொகையே 800 கோடியைக் கொஞ்சம் தாண்டியதுதான்!

இந்த வேலையாட்களின் கதை விஞ்ஞானிகளுக்கு மட்டும் உரிய கதை அல்ல. சித்தூரிலும் திருப்பதியிலும் கறவை மாட்டை நம்பிக் குடித்தனம் நடத்துகிற ஒவ்வொரு வீட்டுக்கும் உரிய கதை.

சித்தூர் 1911 வரை வட ஆற்காடு ஜில்லாவோடு இருந்த ஊர். சித்தூர், புத்தூர், நகரி, குப்பம் என்று எங்கே போனாலும் தமிழ்க் குரல் கேட்கும். புருஷன் ஆலைக்கோ ஆபீசுக்கோ போய்விட, வீட்டுக்காரி பின்பக்கம் ஒரு ஜெர்சிப் பசுவைக் கட்டி, காலையும் மாலையும் பால் ஊற்றுகிற குடும்பங்கள் ஏராளம். பிள்ளைகளின் பள்ளிச் சம்பளமும் மளிகைக் கடை பாக்கியும் அந்தப் பாலில்தான் அடைபடுகின்றன. கடன் வாங்கிப் பிடித்த அந்தப் பசு, பண்டிகைக்கு மறுநாள் எழுந்திருக்காமல் படுத்துவிட்டால்?

படுத்துவிடுவது உண்டு. காரணம், பெரும்பாலும் அன்பாகப் போட்ட சோறு! அது எப்படி என்று தெரிய, முதலில் பசுவின் வயிற்றுக்குள் போய்ப் பார்க்க வேண்டும்.

நாலு கட்டு வீடு

பசுவின் வயிறு பழைய காலத்து நாலு கட்டு வீடு மாதிரி. ஞாயிற்றுக்கிழமை ஆட்டுக் குடல் வாங்கிச் சுத்தம் செய்கிறவர்களுக்கு இந்தக் கட்டுகள் புதிது அல்ல. ஒரு பகுதி துவாலை மாதிரி சொரசொரப்பாக இருக்கும். அது முதல் கட்டு. கால்நடை டாக்டர்கள் 'ரூமன்' என்பார்கள். தேன்கூடு மாதிரி அறை அறையாக இருப்பது இரண்டாம் கட்டு. புத்தகத்தின் ஏடுகளைப் போல மடிப்பு மடிப்பாக இருப்பது மூன்றாம் கட்டு. வழுவழுப்பாக இருக்கும் நான்காம் கட்டுதான் மனிதனுக்கு இருப்பது போன்ற நிஜமான இரைப்பை. அமிலம் சுரந்து செரிக்க வைப்பது அது ஒன்றுதான்.

எல்லாவற்றிலும் பெரியது முதல் கட்டு. பசுவின் இடது விலாப் பக்கம் முழுவதும் அதன் ராஜ்யம். பெரிய கறவைப் பசுவுக்கு 100 லிட்டருக்கு மேல் கொள்ளும். ஏழெட்டுக் குடம் என்று வைத்துக்கொள்ளலாம். 39 டிகிரி சூடு, காற்றுப் புகாத இருட்டு, எப்போதும் ஈரம். நுண்ணுயிர்கள் வாழ இதைவிட வசதியான ஜாகை வேறு கிடையாது.

பசுவுக்கு மேல்வாயில் முன்பல் இல்லை. நாக்கால் புல்லைச் சுருட்டி, கீழ்ப்பல்லை மேல் ஈறில் அழுத்திப் பிய்த்து, அரைகுறையாக மென்று விழுங்குகிறது. காட்டில் திரிந்த காலத்துப் பழக்கம் அது. புலி வருமுன் வயிற்றை நிரப்பிக்கொண்டு, பத்திரமான இடத்தில் படுத்து நிதானமாக மெல்லலாம் அல்லவா! பிறகு விழுங்கியதை உருண்டை உருண்டையாக மேலே கொண்டுவந்து அசைபோடுகிறது. இப்படி அசைபோடுவதற்கே ஒரு நாளில் ஏழெட்டு மணி நேரம் செலவாகிறது. சோம்பேறித்தனமாகப் படுத்திருக்கிறது என்று நினைத்தால் தப்பு. பசு டியூட்டியில் இருக்கும் நேரம் அதுதான்.

அசைபோடும்போது எச்சில் ஊறுகிறது. கொஞ்சநஞ்சம் அல்ல. பெரிய பசுவுக்கு ஒரு நாளைக்கு 100 லிட்டருக்கும் மேல்! அந்த எச்சில், ஆப்பசோடா கரைத்த தண்ணீர் மாதிரி. வயிற்றில் அமிலம் ஏறாமல் பார்த்துக்கொள்வது அதன் வேலை. இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. பின்னால் சோற்றின் கதை வரும்போது தேவைப்படும்.

வேலையாளைத் தின்னும் முதலாளி

முதல் கட்டில் குடியிருப்பவர்கள் பல ஜாதி. பாக்டீரியாக்கள், அவற்றைவிடப் பெரிய ஓரணு உயிர்களான புரோட்டோசோவாக்கள், பூஞ்சைகள். புரோட்டோசோவாக்களை 1843ல் பாரிஸ் நகரத்து குரூபியும் டெலாஃபோன்டும் கண்டார்கள். பூஞ்சைகள் அங்கே குடியிருப்பது 1975ல்தான் தெரிந்தது. இங்கிலாந்தைச் சேர்ந்த ஆர்பின் என்பவர் கண்டுபிடித்தார். காற்று இல்லாத இடத்தில் பூஞ்சை வாழும் என்று அதுவரை யாரும் எண்ணவில்லை.

வேலை இப்படி நடக்கிறது. நார்ச் சங்கிலியை நுண்ணுயிர்கள் அறுக்கின்றன. கிடைத்த சர்க்கரையைத் தாங்களே தின்றுவிடுகின்றன. தின்றபின் சில அமிலங்களைக் கழிவாக விடுகின்றன. அந்தக் கழிவுதான் பசுவுக்குச் சாப்பாடு! வினிகரில் இருக்கும் அசெடிக் அமிலம் அவற்றில் முக்கியமானது. துவாலை போன்ற அந்தச் சுவர் இவற்றை உறிஞ்சி ரத்தத்தில் சேர்க்கிறது. பசுவுக்குக் கிடைக்கும் சக்தியில் சுமார் 70 சதவிகிதம் இந்த வழியில்தான் வருகிறது.

பால் ஊற்றுகிறவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இது. பாலில் உள்ள கொழுப்பு உருவாக இந்த அசெடிக் அமிலம் வேண்டும். அது வைக்கோல், தட்டை, கடலைக்கொடி போன்ற நார்த் தீவனத்தில் இருந்துதான் அதிகம் கிடைக்கும். பால் கூடவேண்டும் என்று தவிடும் மாவுமாகக் கொட்டி வைக்கோலைக் குறைத்தால், பால் ஏறினாலும் கொழுப்பு இறங்கிவிடும். பால் நிலையத்தில் கொழுப்பைப் பார்த்துத்தானே காசு தருகிறார்கள்! தண்ணீர் கலந்ததாகப் பழி வந்து சேர்வதும் உண்டு.

நுண்ணுயிர்கள் பெருகிக்கொண்டே இருக்கின்றன. பெருகியவை தீவனத்தோடு சேர்ந்து மூன்றாம் கட்டைத் தாண்டி நான்காம் கட்டுக்கு வருகின்றன. அங்கே அமிலம் காத்திருக்கிறது. வேலை செய்த ஆளையே பசு செரித்துவிடுகிறது! பசுவுக்கு வேண்டிய புரதத்தில் பெரும் பங்கு இப்படித்தான் கிடைக்கிறது. பி 12 வைட்டமினும் இந்த நுண்ணுயிர்கள் செய்து தருவதுதான். உயிரோடு இருக்கும் வரை வேலை வாங்கி, கடைசியில் ஆளையே விழுங்குகிற முதலாளியை ஆலைத் தொழிலாளர்கள் பார்த்திராதவர்கள் அல்ல. ஆனாலும் பசு, வேலையாட்களுக்குச் சாப்பாடும் ஜாகையும் குறைவில்லாமல் கொடுக்கிறது. அந்த வகையில் பசு தேவலை.

பிறந்த கன்றுக்கு இந்த ஆட்கள் கிடையாது. முதல் கட்டும் சுருங்கிக் கிடக்கும். குடிக்கும் பால், முதல் கட்டுக்குள் விழாமல் ஒரு தனி வாய்க்கால் வழியாக நேரே நான்காம் கட்டுக்குப் போய்விடுகிறது. தாய் நக்கும்போதும், கன்று புல்லைக் கடித்துப் பழகும்போதும் கொஞ்சம் கொஞ்சமாக ஆட்கள் குடியேறுகிறார்கள். அதனால்தான் கன்றுக்கு இரண்டாவது வாரம் முதலே நல்ல பசும்புல்லைக் கொஞ்சமாகக் காட்டச் சொல்கிறார்கள்.

யானையின் பின்கட்டு

எல்லா மிருகமும் முன்கட்டில் அடுப்பு மூட்டுவது இல்லை. யானை, குதிரை, முயல் இவற்றுக்கு ஒரே இரைப்பைதான். நுண்ணுயிர்கள் குடியிருப்பது பின்னால், குடலின் கடைசிப் பகுதியில். சமையல் அங்கே நடக்கிறது.

பலமனேர், குப்பம் பக்கத்து ஜனங்களுக்கு யானையைப் பற்றிச் சொல்ல வேண்டியது இல்லை. 1980களில் ஓசூர்க் காட்டுப் பக்கமிருந்து எல்லை தாண்டி ஆந்திராவுக்கு வந்தன அந்த யானைகள். பிழைப்புத் தேடி மாநிலம் மாறியவர்கள் மனிதர்கள் மட்டும் அல்ல! 1990ல் கௌண்டின்யா வனவிலங்கு சரணாலயம் ஏற்பட்டது.

பின்கட்டுச் சமையலில் ஒரு நஷ்டம் உண்டு. தீவனம் அங்கே அதிக நேரம் தங்குவது இல்லை. தின்றதில் பாதிகூட உடம்பில் ஒட்டாது. யானை லத்தியைப் பார்த்தால் நாரும் கொட்டையும் அப்படியே கிடப்பது தெரியும். ஆகவே ஒரு நாளைக்கு 150 கிலோவுக்குக் குறையாமல் தின்றாக வேண்டும். விழித்திருக்கும் நேரம் எல்லாம் வாய் அசைய வேண்டும். காட்டில் அவ்வளவு கிடைக்காதபோது கரும்பும் நெல்லும் மாந்தோப்பும் கண்ணில் படுகின்றன. அப்புறம் நடப்பது தெரிந்த கதை. யானை மிதித்து ஆள் சாகிறார். மின்வேலியில் சிக்கி யானை சாகிறது. யானைகளை விரட்டப் பழகிய கும்கிகளைக் கர்நாடக அரசு 2025 மே மாதம் ஆந்திராவுக்குக் கொடுத்தது.

முயலின் சங்கதி வேடிக்கை. பின்கட்டில் பெருகும் நுண்ணுயிர்கள் வீணாக வெளியே போய்விடுமே என்று, அது தன் மிருதுவான புழுக்கையைத் தானே தின்றுவிடுகிறது! ஒரே சாப்பாட்டை இரண்டு முறை செரிக்கிறது. பசு, வாய் வழியாகத் திருப்பிக் கொண்டுவந்து செய்வதை முயல் இப்படிச் செய்கிறது.

புங்கனூர்க் குட்டை

வறட்சிச் சீமைக்கு ஏற்ற வயிற்றுக்கு உதாரணம் சொல்ல வெளியூர் போக வேண்டாம். பழைய சித்தூர் மாவட்டத்துப் புங்கனூர்ப் பசு இருக்கிறது. உயரம் மூன்றடிதான். காய்ந்த புல்லையும் வைக்கோலையும் தின்று காலம் தள்ளிவிடும். பால் கொஞ்சம்தான், ஆனால் கெட்டிப் பால். ஜெர்சி வந்தபின் இந்த இனம் அருகிப் போய், பலமனேர் கால்நடை ஆராய்ச்சி நிலையத்தில் வைத்துக் காப்பாற்ற வேண்டிய நிலை வந்தது. 2024 சங்கராந்தியின்போது டில்லியில் பிரதமர் மோடி இந்தக் குட்டைப் பசுக்களுக்குத் தீனி கொடுக்கும் படம் பத்திரிகைகளில் வந்தபின் இதற்கு மவுசு ஏறிவிட்டது. 

ஜெர்சிக் கலப்புப் பசுவின் கதை வேறு. அதிகப் பால் கறப்பதால் அதிகத் தீவனம் கேட்கும். கண்டதையும் கொடுத்து வயிற்றை நிரப்பும் ஆசை உடையவனுக்கு வரும். ஆபத்து அங்கேதான் ஆரம்பிக்கிறது.

பிளாஸ்டிக்கும் ஆணியும்

ஆடு உதட்டால் பொறுக்கித் தின்னும். பசுவுக்கு அந்த நாசூக்கு இல்லை. நாக்கால் சுருட்டுவதை எல்லாம் விழுங்கிவிடும். மிஞ்சிய சாப்பாட்டைப் பிளாஸ்டிக் பையில் போட்டு முடிச்சுப் போட்டு வீசினால், பசு பையோடு விழுங்குகிறது. நாரை அறுக்கும் நுண்ணுயிர்களால் பிளாஸ்டிக்கை ஒன்றும் செய்ய முடியாது. அது அசைபோட மேலேயும் வராது, கீழேயும் இறங்காது. வருஷக் கணக்கில் சேர்ந்து கயிறும் பந்துமாகத் திரண்டு இடத்தை அடைத்துக்கொள்ளும். வயிறு பருத்திருக்கும், பசு பட்டினியால் இளைக்கும்.

2019 அக்டோபரில் சென்னையில் கால்நடை மருத்துவர்கள் ஒரு பசுவுக்கு ஆபரேஷன் செய்து எடுத்த பிளாஸ்டிக் 52 கிலோ! திருமலையில் பிளாஸ்டிக் பைக்குத் தடை உண்டு. கீழே ஊருக்குள் குப்பைத் தொட்டியை மேயும் மாட்டுக்கு அந்தத் தடை தெரியாது.

ஆணி, கம்பித் துண்டு விழுங்கினால் அது தேன்கூட்டுக் கட்டில் போய்த் தங்கும். அதற்கும் இதயத்துக்கும் நடுவில் இருப்பது மெல்லிய உதரவிதானத் தடுப்புதான். கம்பி அதைத் துளைத்து இதயத்தைக் குத்திவிடுவது உண்டு. கட்டட வேலை நடக்கும் இடத்தில் மாட்டை விடக்கூடாது என்பது இதனால்தான்.

இன்னொரு ஆபத்து சோளப் பயிர். இளம் பயிர் மழை இல்லாமல் வாடி நிற்கும்போது அதில் சயனைடு விஷத்துக்கு மூலமான பொருள் மிகுந்திருக்கும். நல்லது செய்யும் அதே நுண்ணுயிர்கள், அந்தப் பொருளை உடைத்து விஷத்தை வெளியே விட்டுவிடுகின்றன. மாடு வயலிலேயே சுருண்டு விழும். டாக்டர் வருவதற்குள் முடிந்துவிடுவதும் உண்டு. பூ விட்டு முற்றிய பயிரில் அந்தப் பயம் குறைவு.

சோற்றின் கதை

தமிழர்களுக்கு மாட்டுப் பொங்கல். தெலுங்கர்களுக்குக் கனுமா. நாள் ஒன்றே. கொம்புக்கு வர்ணம், கழுத்துக்கு மாலை, வாயில் ஒரு உருண்டை பொங்கல். அந்த ஒரு உருண்டையால் கெடுதல் இல்லை. பிறகு, "மிஞ்சியதை வீணாக்குவானேன், லட்சுமி தின்னட்டும்" என்று ஒரு பானைச் சோற்றையும் தொட்டியில் கவிழ்க்கிறார்களே, அதுதான் விஷம். கல்யாண வீட்டில் மிஞ்சிய சோறும் அப்படியே. மூட்டையை முட்டித் திறந்து அரிசியோ கேழ்வரகு மாவோ வயிறு முட்டத் தின்றாலும் அப்படியே. மாம்பழ சீசனில் சித்தூர் கூழ்த் தொழிற்சாலைகளின் தோலையும் கழிவையும் கூடை கூடையாகக் கொட்டினாலும் அப்படியே.

நார் மெதுவாகக் கரைகிற சரக்கு. மாவுச்சத்து வேகமாகக் கரைகிற சரக்கு. நாரை அறுக்கிறவர்கள் ஒரு கோஷ்டி. மாவைத் தின்கிறவர்கள் வேறு கோஷ்டி. வைக்கோல் தின்கிற பசுவின் வயிற்றில் இரண்டாவது கோஷ்டி சொற்பம். திடீரென்று ஒரு பானைச் சோறு வந்து விழுந்தால், அந்தக் கோஷ்டி சில மணி நேரத்தில் பல மடங்கு பெருகிவிடும். அது விடும் கழிவு, தயிரைப் புளிக்க வைக்கும் லாக்டிக் அமிலம். வயிறு முழுவதும் புளித்துவிடும்.

அந்தப் புளிப்பில் நாரை அறுக்கும் பழைய ஆட்கள் கூட்டம் கூட்டமாகச் சாகிறார்கள். பசு அசைபோடுவதை நிறுத்துகிறது. அசை நின்றால் எச்சில் நிற்கும். எச்சில் நின்றால் அமிலத்தைத் தணிக்க ஆள் இல்லை. அமிலம் மேலும் ஏறுகிறது. ரத்தத்தில் உள்ள தண்ணீரை எல்லாம் வயிறு இழுத்துக்கொள்கிறது. உள்ளே தண்ணீர் தளும்பும். உடம்போ வற்றிப் போகும். கண் குழி விழும். தண்ணீராகக் கழியும், புளித்த வாடை அடிக்கும். நடந்தால் குடிகாரனைப் போலத் தள்ளாடும். கடைசியில் தலையை விலாப் பக்கம் திருப்பிப் படுத்துவிடும். ஒன்றிரண்டு நாளில் உயிர் போய்விடும்.

"நேற்று நன்றாகத் தின்றதே, கண் பட்டுவிட்டது" என்று மந்திரிக்க ஓடுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்த நேரத்தில் கால்நடை ஆஸ்பத்திரிக்கு ஓடினால் பல பசுக்கள் பிழைக்கும். ஆந்திராவில் 1962 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் நடமாடும் கால்நடை ஆஸ்பத்திரி வண்டி வரும். திருப்பதியில் 1955 முதல் கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது. 2005ல் ஏற்பட்ட வெங்கடேஸ்வரா கால்நடைப் பல்கலைக்கழகத்துக்கும் அந்த ஊர்தான் தலைமையிடம். டாக்டர் வருவதற்குள், எண்ணெயையும் கஷாயத்தையும் மூங்கில் குழாயில் வைத்து வாயைப் பிளந்து ஊற்றுவது ஆபத்து. நுரையீரலுக்குள் போய்விடும். மேற்கொண்டு மாவுத் தீனியும் கஞ்சியும் காட்டக்கூடாது. எதை, எவ்வளவு, எத்தனை மணிக்குத் தின்றது என்பதை மறைக்காமல் சொல்ல வேண்டும்.

தீவனத்தை மாற்ற வேண்டி இருந்தால் பத்துப் பதினைந்து நாள் எடுத்துக்கொண்டு, பழையதைச் சிறிது சிறிதாகக் குறைத்துப் புதியதைக் கூட்ட வேண்டும். புதுச் சரக்குக்கு ஏற்ற ஆட்கள் வயிற்றில் பெருக அவ்வளவு அவகாசம் வேண்டும். கழனித் தண்ணீரில் ஒரு பிடி சோறு தினமும் கலந்து குடித்துப் பழகிய பசுவுக்கு அந்த ஒரு பிடியால் ஆபத்து இல்லை. வைக்கோல் மட்டுமே கண்ட பசுவுக்கு ஒரு நாள் விருந்துதான் ஆபத்து.

ஆரம்பத்திலேயே பார்த்துவிட்டால் டாக்டர்கள் சோடா மருந்து கொடுத்துப் புளிப்பை முறிப்பார்கள். ரத்தத்தில் சலைன் ஏற்றுவார்கள். முற்றிவிட்டால் இடது விலாவைத் திறந்து, முதல் கட்டில் கிடக்கும் சோற்றை எல்லாம் வாரி எடுத்துக் கழுவுவார்கள். ஆனால் கழுவிய வயிற்றில் வேலையாட்கள் இல்லையே! அதற்கும் வழி இருக்கிறது. நல்ல நிலையில் உள்ள இன்னொரு பசுவின் முதல் கட்டில் இருந்து சில லிட்டர் நீரை எடுத்து வடிகட்டி, சூடு ஆறுமுன் நோயாளிப் பசுவின் வயிற்றில் ஊற்றுவார்கள். ஆபீசில் ஆள் பற்றாக்குறை என்றால் பக்கத்து ஆபீசில் இருந்து டிரான்ஸ்பரில் ஆள் வருவது போல! இரண்டொரு நாளில் பசு தலையைத் தூக்கி, வாயை அசைத்து, ஒரு உருண்டையை மேலே கொண்டுவந்து மெல்ல ஆரம்பித்தால், வந்த ஆட்கள் வேலையில் சேர்ந்துவிட்டார்கள் என்று அர்த்தம்.